சவேலா வர்காஸ்: ட்ரம்பெட்டை வெளியே அனுப்பிய ரஞ்சேரா

#1 நடுச்சாமம்
இரவு 11.52

இந்தப் பகுதியில் இவரைப் பற்றி ஏற்கெனவே இழை இருக்கிறதா என்று தேடினேன், கிடைக்கவில்லை. அதனால் நானே தொடங்குகிறேன்.

பத்து நாளாக வீட்டில் ஒரே குரல்தான் ஓடிக்கொண்டிருக்கிறது. சவேலா வர்காஸ். மெக்சிகோவின் ரஞ்சேரா பாடகி. ரஞ்சேரா என்றால் அங்கத்து பண்ணை, கிராமத்துப் பாட்டு வகை. 2002இல் வந்த 'ஃப்ரீடா' படம் பார்த்தவர்களுக்கு முகம் ஞாபகம் இருக்கலாம். மதுக்கடையில் கறுப்புப் போர்வையோடு உட்கார்ந்து ஒரு கிழவி 'லா யோரோனா' பாடுவாரே, அவர்தான். படத்தில் என்ன நடந்தது என்று எனக்கு இப்போது பாதி மறந்துவிட்டது. அந்தப் பாட்டு மட்டும் மறக்கவில்லை.

தெரியாதவர்களுக்காகச் சுருக்கமாக: பிறந்தது மெக்சிகோவில் இல்லை, கோஸ்டா ரிகாவில். 1919 ஏப்ரல் 17, சான் ஹொவாக்கின் தெ ஃப்ளோரஸ் என்ற ஊர். முழுப்பெயர் இசபெல் வர்காஸ் லிசானோ. ஆண்பிள்ளை போல நடமாடிய குழந்தை. வீட்டுக்கு ஆள் வந்தால் தன்னை உள்ளே மறைத்து வைப்பார்கள் என்று பின்னாளில் அவரே சொல்லியிருக்கிறார். பெற்றோர் பிரிந்து, உறவினர் வீட்டில் வளர்ந்து, பதின்வயதில் தனியாக மெக்சிகோ வந்து சேர்ந்தார். பல வருடம் தெருவிலும் சின்னச் சின்ன மதுக்கடைகளிலும் பாடினார். முதல் எல்பி (இசைத்தட்டு) வந்தது 1961இல். அப்போது வயது 42! எழுபதுகளின் கடைசியில் ஆள் காணாமல் போனார். குடி. செத்துவிட்டார் என்றே பலர் நினைத்திருந்தார்கள். 1991இல், 72 வயதில், மெக்சிகோ நகரத்தின் கொயோஅகான் பகுதியில் ஒரு சிறு அரங்கில் திரும்பவும் மேடையேறினார். அப்புறம் மாட்ரிட், பாரிஸின் ஒலிம்பியா, 2003இல் நியூயார்க்கின் கார்னெகி ஹால். 2012 ஆகஸ்ட் 5 அன்று 93 வயதில் குவெர்நவாகாவில் இறந்தார்.

ஆனால் நான் பேச நினைத்தது இந்தக் கதையை அல்ல. ரஞ்சேரா என்றாலே நமக்கு மனதில் வருவது மரியாச்சிக் குழு. வெள்ளிப் பொத்தான் வைத்த சாரோ (குதிரைக்காரர்) உடுப்பு, அகலத் தொப்பி, வயலின் வரிசை, இரண்டு ட்ரம்பெட், வயிறு பெருத்த கித்தாரோன் என்ற பெரிய கிட்டார், நடுநடுவே கூட்டம் போடும் கூவல். சவேலா இதையெல்லாம் வெளியே அனுப்பிவிட்டார். ஒரு கிட்டார், மிஞ்சிப்போனால் இரண்டு. பாட்டு அதே பாட்டுதான். கல்யாண வீட்டுப் பாட்டை, பந்தல் பிரித்த மறுநாள் யாரோ தனியாக உட்கார்ந்து பாடுவதுபோல ஆகிவிடுகிறது.

இதை ரஞ்சேரா என்று சொல்லலாமா, கூடாதா? கேட்டவர்கள் சொல்லுங்கள்.

#2 பழையரெக்கார்டு
இரவு 12.31

நல்ல இழை. ஆனால் தொடக்கத்திலேயே ஒரு வழக்கு இருக்கிறது.

நீங்கள் சொன்ன 'லா யோரோனா' ரஞ்சேரா இல்லை. வஹாகா மாநிலத்தில் தெவாந்தெபெக் பூசந்தி இருக்கிறதே, அந்தப் பக்கத்து நாட்டுப்பாட்டு. எழுதியவர் யாரென்று தெரியாத பழைய பாட்டு, ஆளாளுக்கு அடி சேர்த்துக்கொண்டே போவார்கள். 'மகோரினா'வும் ரஞ்சேரா இல்லை. மகோரினா ஹவானாவில் வாழ்ந்த ஒரு பெண்ணின் பட்டப்பெயர். அவர்மேல் கவிதை எழுதியவர் அல்ஃபோன்சோ காமின், ஸ்பெயினின் அஸ்தூரியாஸ்காரர். மெட்டு சவேலாவுடையது. 'லூஸ் தெ லூனா' அல்வாரோ கரியோ எழுதியது, அவர் பொலேரோ என்ற மெதுவான காதல் பாட்டு வகை ஆள். ஆக அவருடைய மிகப் புகழ்பெற்ற பாட்டுகளில் பாதி ரஞ்சேராவே கிடையாது.

ரஞ்சேராவில் பெண் குரல் என்றால் முதலில் லூச்சா ரெயெஸைச் சொல்ல வேண்டும். 1906இல் குவாதலஹாராவில் பிறந்தவர். தொடக்கத்தில் மேல்ஸ்தாயியில் சுத்தமாகப் பாடிக்கொண்டிருந்தவர். 1920களின் கடைசியில் குழுவோடு ஜெர்மனி போன இடத்தில் தொண்டை கெட்டுப்போய், குரல் திரும்பி வந்தபோது கரகரப்பாக, தடித்து வந்தது. அந்தக் கெட்ட குரலை வைத்துத்தான் பெண்கள் தொண்டை கிழியப் பாடும் ரஞ்சேரா பாணியையே உண்டாக்கினார். 1944இல் 38 வயதில் போய்விட்டார். அடுத்து லோலா பெல்த்ரான். சினலோவாக்காரி. வானொலி நிலையத்தில் செக்ரட்டரியாக இருந்து பாடகியானவர். 'பலோமா நெக்ரா' புகழ்பெற்றது அவர் குரலில்.

என் வருத்தம் இதுதான். இந்த இருவரைப் பற்றி இணையத்தில் நாலு பேர் பேசுவதில்லை. சவேலா என்றால் எல்லோரும் ஓடி வருகிறார்கள், ஏனென்றால் அவரிடம் கதை இருக்கிறது. சுருட்டு, கைத்துப்பாக்கி, டெக்கீலா, ஓவியர் ஃப்ரீடா காலோ வீடு. கதை பெருத்துக்கொண்டே போகிறது, பாட்டு அதற்குப் பின்னணி இசை மாதிரி ஆகிவிட்டது.

#3 சும்மாவந்தவன்
இரவு 12.40

கதை என்றதும் ஞாபகம் வருகிறது. வாழ்நாளில் 45,000 லிட்டர் டெக்கீலா குடித்திருக்கிறேன் என்று அந்த அம்மா பேட்டிகளில் சொல்வாராம். கணக்குப் போட்டேன். 40 வருடம் விடாமல் குடித்ததாக வைத்துக்கொண்டால் தினம் 3 லிட்டர். ஞாயிற்றுக்கிழமை உட்பட. லீப் வருடத்தை விட்டுவிட்டேன்.

#4 பழையரெக்கார்டு
இரவு 12.44

இதைத்தான் சொன்னேன்.

#5 சொற்கிறுக்கி
காலை 7.15

ராத்திரி முழுக்கப் பேசிவிட்டீர்கள், நான் இப்போதுதான் பார்க்கிறேன்.

மூன்று வருடமாக ஸ்பானிஷ் படிக்கிறேன். அந்தப் பக்கத்திலிருந்து ஒன்று சொல்கிறேன். தமிழில் 'நான் தனியாக நிற்கிறேன்' என்று பாடினால் நிற்பது ஆணா பெண்ணா என்று தெரியாது. ஸ்பானிஷில் அந்தத் 'தனியாக' என்ற சொல்லே காட்டிக்கொடுத்துவிடும். ஆண் என்றால் சோலோ, பெண் என்றால் சோலா. ரஞ்சேரா பாட்டுகளில் பெரும்பாலானவை ஓர் ஆண் தன்னை விட்டுப்போன பெண்ணை நினைத்துப் புலம்புகிற பாட்டுகள். அதைப் பெண் பாடகி எடுத்துப் பாடும்போது ஓ-வை ஆ ஆக்கி, அவளை அவனாக்கிப் பாடுவது வழக்கம். சில நேரம் எதுகை உடைந்து காலில் தடுக்கும், இருந்தாலும் மாற்றுவார்கள்.

சவேலா மாற்றவில்லை. பெண்ணை நோக்கி எழுதிய பாட்டைப் பெண்ணை நோக்கியே பாடினார். அறுபதுகளின் மெக்சிகோவில், கால்சட்டையும் சிவப்பு ஹொரோங்கோவும் மாட்டிக்கொண்டு. ஹொரோங்கோ என்றால் நடுவில் தலை நுழைக்கிற மாதிரி கம்பளிப் போர்வை, ஆண்கள் போடுவது. 'மகோரினா'வில் பல்லவியே 'கையை இங்கே வை, மகோரினா' என்பதுதான். அதை அவர் பாடும்போது கை எங்கே போகும் என்று பார்க்கவே கூட்டம் வருமாம்.

தன்னைப் பற்றி வெளிப்படையாக, தன்பாலினத்தவள் என்ற சொல்லையே போட்டு அவர் சொன்னது 2000இல், 81 வயதில். ஆனால் பாட்டில் நாற்பது வருடம் முன்னாலேயே சொல்லியாகிவிட்டது. அதனால் கதை வேறு, பாட்டு வேறு என்று பழையரெக்கார்டு அண்ணன் பிரிப்பது எனக்கு ஒத்துவரவில்லை.

#6 பழையரெக்கார்டு
காலை 9.02

தங்கை சொல்வதில் ஒரு சிக்கல் இருக்கிறது. 'பலோமா நெக்ரா' என்றால் கறுப்புப் புறா. ராத்திரியெல்லாம் ஊர் சுற்றுகிற காதலியைப் பார்த்து ஓர் ஆண் பாடுவதாகத்தான் தொமாஸ் மெந்தெஸ் எழுதினார். அதை லோலா பெல்த்ரானும் அப்படியேதான் பாடினார். புறாவைச் சேவலாக்கவில்லை. யாரும் முகம் சுளிக்கவில்லை. ஏன்? லோலா நீளப் பாவாடையும் கொண்டையும் நகையுமாக, பின்னால் பத்துப் பேர் மரியாச்சி நிற்க, கையை விரித்துப் பாடினார். பாட்டுக்காரி பாட்டைப் பாடுகிறாள், அவ்வளவுதான் என்று ஜனங்கள் எடுத்துக்கொண்டார்கள்.

ஆகவே சொல்லை மாற்றாததால் மட்டும் எதுவும் நடந்துவிடவில்லை.

#7 சொற்கிறுக்கி
காலை 9.20

சரி, ஒத்துக்கொள்கிறேன். சொல் மட்டும் இல்லை. உடை, பிறகு அந்தப் பின்னணிக் கூட்டம் இல்லாதது. லோலா பாடும்போது பின்னால் நிற்கிற பத்துப் பேர், 'இது பாட்டு, பயப்படாதீர்கள்' என்று உத்தரவாதம் கொடுக்கிறார்கள். சவேலாவுக்கு அந்த உத்தரவாதம் கிடையாது. பாடுகிற ஆளே சொல்கிறாள் என்று ஆகிவிடுகிறது.

அப்போ நீங்களே என் பக்கம் வந்துவிட்டீர்கள் :)

#8 ஆறுகம்பி
மதியம் 1.35

சாப்பாட்டு நேரத்தில் எழுதுகிறேன், பிழை இருந்தால் பொறுத்துக்கொள்ளவும்.

நான் கிட்டார் வாசிப்பவன், அதனால் பாட்டு எப்படிக் கட்டியிருக்கிறது என்பதிலிருந்து வருகிறேன். ரஞ்சேரா என்று ஒரு தாளம் கிடையாது. வால்ஸ் நடையில் மூன்று எண்ணிக்கையில் இருக்கும், போல்கா மாதிரி இரண்டில் துள்ளும், பொலேரோ ரஞ்சேரோ என்று மெதுவாக நாலில் போகும். ஹவியேர் சோலிஸ் பாடியதெல்லாம் இந்தக் கடைசி வகையில் பிரசித்தம். மரியாச்சியில் தாளத்தைப் பிடித்து நிறுத்துவது கித்தாரோனும் விவேலாவும். கித்தாரோன் கட்டை ஸ்வரத்தைப் போடும், ஐந்து கம்பிச் சின்னக் கிட்டாரான விவேலா அதற்குப் பதில் சொல்லும். ட்ரம்பெட்டும் வயலினும் பாடகர் மூச்சு வாங்குகிற இடத்தை நிரப்பும். இடைவெளியே இருக்காது. யாராவது ஒருவர் அந்த இடத்தை வாங்கிக்கொள்வார்.

சவேலா செய்தது இந்த இடைவெளியைத் திரும்பப் பிடுங்கிக்கொண்டதுதான். 1961 ரெக்கார்டில் அந்தோனியோ பிரிபியெஸ்கா என்ற பெரிய கிட்டார்க்காரர் கூட வாசித்திருக்கிறார். அதைக் கவனித்துக் கேளுங்கள். சவேலா ஒரு வரி பாடி நிறுத்துவார். கிட்டார் இரண்டு மூன்று ஸ்வரத்தை விட்டுவிட்டு அதுவும் நின்றுவிடும். அடுத்த வரி எப்போது வரும் என்பது அவருக்கு மட்டும்தான் தெரியும். கிட்டார்க்காரர் தாளத்தை எண்ணி வாசிக்க முடியாது, அவர் வாயைப் பார்த்துத்தான் வாசிக்க வேண்டும்.

கடைசிக் காலத்தில் கூட வாசித்த இருவருக்கு லோஸ் மகோரினோஸ் என்றே பெயர். அவர்கள் வீடியோவைப் பார்த்தால் தெரியும், கழுத்து அவர் பக்கமே திரும்பியிருக்கும்.

என் கருத்தில் இது ரஞ்சேராதான். எலும்பு அதேதான், சதையைக் கழற்றிவிட்டார்.

#9 கடல்தாண்டி
மாலை 6.10

குவாதலஹாராவில் மூன்றரை வருடம் வேலை பார்த்தவன் என்ற முறையில் கொஞ்சம் தண்ணீர் ஊற்றுகிறேன்.

அங்கே என் கூட வேலை செய்தவர்களில் சவேலாவைக் கேட்பவர் ஒருவரையும் பார்க்கவில்லை. பெயர் எல்லோருக்கும் தெரியும். 'ஆ, சவேலா' என்று மரியாதையோடு தலையாட்டுவார்கள். ஆனால் பிறந்தநாளிலும், கால்பந்தில் தோற்ற இரவிலும், யாராவது பிரிந்துபோன நாளிலும் ஒலித்தது விசென்தே ஃபெர்னாந்தெஸ். சென்தே என்று செல்லமாகச் சொல்வார்கள். மரியாச்சிகள் நிற்கிற சதுக்கத்துக்குப் போய்ப் பாட்டுக்கு இவ்வளவு என்று பேசிப் பாடச் சொன்னால் ஐந்தில் மூன்று பாட்டு அவருடையதாக இருக்கும். 'வோல்வெர், வோல்வெர்' தொடங்கினால் பக்கத்து மேஜையும் சேர்ந்துகொள்ளும்.

அவர் இறந்த அன்று, 2021 டிசம்பர் 12, நான் அங்கேதான் இருந்தேன். குவாதலூப்பே மாதா திருநாள் அது. நாடே விடுமுறை மனநிலையில் இருக்கிற நாள். உடலை அவருடைய பண்ணையை ஒட்டிய அரங்கில் வைத்திருந்தார்கள். என் சக ஊழியர் ஒருவர் காரில் அழைத்துப்போனார். சாப்பாலா நெடுஞ்சாலையில் வண்டி நகரவில்லை. இறங்கி நடந்தோம். முன்னால் ஒரு பெரியவர், வயது எண்பது இருக்கும், தொப்பியைக் கழற்றி மார்பில் வைத்துக்கொண்டே நடந்தார். வெயிலில் மண்டை பளபளத்தது. வழி முழுக்க அவர் அந்தத் தொப்பியைத் தலைக்குக் கொண்டுபோகவே இல்லை.

சவேலாவுக்கு அப்படி ஜனங்கள் நடந்திருப்பார்களா? தலைநகரத்தில் கலைஞர்களும் எழுத்தாளர்களும் கொண்டாடிய பாடகி அவர். குவாதலஹாரா இருக்கிற ஹலிஸ்கோ மாநிலத்தில் ரஞ்சேரா என்றால் குதிரை, தொப்பி, அப்பா, மூன்று மகன்கள்.

#10 நடுச்சாமம்
மாலை 7.45

கடல்தாண்டி, அந்தப் பெரியவர் மனதில் நின்றுவிட்டார்.

ஆனால் ஜனங்கள் நடக்கவில்லை என்று சொல்ல முடியாது. 2012இல் சவேலா உடலை முதலில் கரிபால்டி சதுக்கத்துக்குத்தான் கொண்டுபோனார்கள். மெக்சிகோ நகரத்தில் மரியாச்சிகள் கூலிக்கு நிற்கிற இடம் அது. எந்த மரியாச்சியை வெளியே அனுப்பினாரோ அதே மரியாச்சிகள் அவருக்காக வாசித்தார்கள். மறுநாள்தான் பெல்யாஸ் ஆர்தெஸ் என்ற கலை மாளிகையில் அரசு மரியாதை.

அப்புறம் தலைநகரத்துக் கலைஞர்களின் பாடகி என்பதும் பாதிதான் சரி. அவரைத் தூக்கிவிட்டவர் பாட்டெழுதிப் பாடிய ஹோசே ஆல்ஃப்ரெடோ ஹிமெனெஸ். நாம் இன்னும் அவர் பெயரையே எடுக்காமல் ரஞ்சேரா பேசிக்கொண்டிருக்கிறோம், வெட்கம்! 1926இல் தொலோரெஸ் இதால்கோவில் பிறந்தவர். அப்பா மருந்துக்கடைக்காரர். அப்பா போன பிறகு குடும்பம் தலைநகருக்கு வந்து, ஹோட்டலில் சர்வராக வேலை, கால்பந்தில் கோல்கீப்பர். எந்த வாத்தியமும் வாசிக்கத் தெரியாது. மெட்டை வாயால் பாடிக் காட்டுவார், ரூபென் ஃபுவெந்தெஸ் போன்றவர்கள் எழுதி வாத்தியம் சேர்ப்பார்கள். 'எல் ரேய்' உட்பட இன்று மெக்சிகோக்காரன் வாயில் தானாக வருகிற பாட்டுகளில் கணிசமான பங்கு அவருடையது. 1973இல் 47 வயதில் கல்லீரல் கெட்டுப் போய்ச் சேர்ந்தார். சொந்த ஊரில் அவர் கல்லறை பெரிய தொப்பி வடிவத்தில் இருக்கிறது. அதிலிருந்து இறங்கி விரிகிற வண்ணப் போர்வையில் பாட்டுப் பெயர்கள்.

அவரும் சவேலாவும் குடிக்கூட்டாளிகள். கரிபால்டியில் தெனாம்பா என்ற மதுக்கடையில் உட்கார்ந்தால் எழுந்திருக்கிற ஜாதி இல்லை. அவர் இறந்த அன்று சாவு வீட்டுக்குத் தான் குடித்துவிட்டுப் போய்த் தரையில் உட்கார்ந்து பாடியதாகவும், யாரோ வெளியே அனுப்பப் பார்க்க, 'விடுங்கள், அவளுக்கும் என்னைப்போலத்தான் வலிக்கிறது' என்று மனைவி தடுத்ததாகவும் சவேலா சொல்லியிருக்கிறார்.

(பழையரெக்கார்டு அண்ணே, ஆமாம், இதுவும் கதைதான். தெரியும்.)

#11 சும்மாவந்தவன்
மாலை 7.58

ஹோசே ஆல்ஃப்ரெடோவின் 'வெள்ளைக் குதிரை' பாட்டை என் நண்பன் குதிரை வீரப் பாட்டு என்று பல வருடம் கேட்டுக்கொண்டிருந்தான். அது குதிரை இல்லை, அவர் கார். குவாதலஹாராவில் கிளம்பி எந்செனாதா வரைக்கும் போன பயணம். வழியில் கால் நொண்டியது என்பதெல்லாம் வண்டி மக்கர் செய்தது. இதைச் சொன்ன பிறகு அவன் என்னோடு சரியாகப் பேசுவதில்லை.

#12 பழையரெக்கார்டு
இரவு 9.30

நடுச்சாமம், அந்தச் சாவு வீட்டுக் கதை எனக்கும் பிடிக்கும். பிடிப்பதுதான் பிரச்சினை.

கொஞ்சம் கடுமையாகவே சொல்கிறேன், கோபித்துக்கொள்ள வேண்டாம். என் குடும்பத்தில் குடியால் போனவர் இருக்கிறார். அவர் நன்றாகவும் பாடுவார். அவர் பாடியதைக் கேட்டு ரசித்தவர்கள் எல்லோரும் பத்து மணிக்கு வீட்டுக்குப் போய்விடுவார்கள், பிறகு நடந்ததைப் பார்த்தது நாங்கள். அதனால் ஹோசே ஆல்ஃப்ரெடோவின் 47 வயதையும் சவேலாவின் 45,000 லிட்டரையும் யாராவது சிரித்துக்கொண்டு சொன்னால் எனக்கு வாய் கசக்கிறது. எழுபதுகளின் கடைசியிலிருந்து 1991 வரை அந்தப் பெண்மணி பாடவில்லை. ஐம்பது வயதின் கடைசியும் அறுபதுகளும். ஒரு பாடகிக்குக் குரல் கனிகிற வயது. அந்த ரெக்கார்டுகள் இல்லை, இனி வரப்போவதும் இல்லை. டெக்கீலா அவருக்குக் கொடுத்ததைப் பற்றி எல்லோரும் எழுதுகிறார்கள்.

#13 சும்மாவந்தவன்
இரவு 9.41

அண்ணே, என் கணக்கு விளையாட்டுக்குத்தான். மன்னிக்கவும்.

#14 சொற்கிறுக்கி
இரவு 10.05

அண்ணா, நீங்கள் சொன்னதற்கு எதிராகச் சொல்ல என்னிடம் ஒன்றும் இல்லை. ஆனால் உங்கள் பக்கத்துக்கே வலு சேர்க்கிற ஒன்று இருக்கிறது.

1991இல் கொயோஅகானில் அவரைத் திரும்ப மேடையேற்றியது எல் ஹாபிதோ என்ற சிறு அரங்கு. ஹெசுசா ரோத்ரீகெஸ், லிலியானா ஃபெலிப்பே என்ற இரு பெண்கள் நடத்தியது. அப்போது அவர் குடியை விட்டிருந்தார். குடிக்காமல் மேடை ஏறுவதற்குக் கைகால் நடுங்கியது. அதுவரை வாழ்நாளில் அப்படிப் பாடியதே இல்லை. யோசித்துப் பாருங்கள், 72 வயதில் முதல்முறை பாடுவதுபோல.

அதற்குப் பிறகு வந்ததுதான் மாட்ரிட், ஒலிம்பியா, கார்னெகி, எல்லாம். உலகம் கேட்ட சவேலா, குடிக்காத சவேலா. டெக்கீலாக் கதை சொல்கிற யாரும் இதைச் சொல்வதில்லை.

#15 பழையரெக்கார்டு
இரவு 10.19

இது எனக்குத் தோன்றவே இல்லை. நன்றி.

#16 மட்டுறுத்துநர்
இரவு 10.50

யார் பெரிய பாடகர் என்று நம் ஊர்ப் பெயர்களை இழுத்து ஒப்பிட்ட நாலு பதிவுகளை நீக்கியிருக்கிறேன். அதற்குத் தனி இழை இருக்கிறது, அங்கே போய் அடித்துக்கொள்ளுங்கள். இங்கே மெக்சிகோ மட்டும்.

#17 கடல்தாண்டி
மறுநாள் காலை 8.40

மாட்ரிட் என்று சொன்னதால் கேட்கிறேன். அவருடைய இரண்டாவது வாழ்க்கையை உண்டாக்கியது மெக்சிகோவா, ஸ்பெயினா? எனக்கு ஸ்பெயின் என்றுதான் படுகிறது. மனுவேல் அரோயோ என்ற பதிப்பாளர் கொயோஅகானில் அவரைக் கேட்டுவிட்டு அழைத்துப்போனார். 1993இல் மாட்ரிட்டில் சாலா கராக்கோல் கச்சேரி. அப்புறம் ஸ்பெயின் பட இயக்குநர் பெத்ரோ அல்மொதோவார் பிடித்துக்கொண்டார். படத்துக்குப் படம் அவர் பாட்டு. 'கிகா'வில் ஒன்று, 'லா ஃப்ளோர் தெ மி செக்ரெதோ'வில் தொலைக்காட்சிப் பெட்டிக்குள் அவரே வந்து 'எந் எல் உல்திமோ த்ராகோ' பாடுவார். ஹோசே ஆல்ஃப்ரெடோ பாட்டு. 1994இல் ஸ்பெயின் பாடகர் ஹோவக்கின் சபீனா சவேலாவைப் பற்றியே ஒரு பாட்டு எழுதிப் பாடினார். ஸ்பெயினில் அது பட்டிதொட்டியெல்லாம் ஓடியது.

சொந்த நாட்டுக்காரன் மதிக்கவில்லை, வெளிநாட்டுக்காரன் கொண்டாடிய பிறகு 'எங்கள் சவேலா' ஆகிவிட்டார். வழக்கமான கதை.

#18 நடுச்சாமம்
காலை 9.25

வழக்கமான கதைதான், ஒரு திருப்பத்தோடு. 'சொந்த நாடு' எது? பிறந்த நாடான கோஸ்டா ரிகாவைப் பற்றிக் கேட்டால் அவர் பேச்சில் கசப்புதான் இருந்தது. நீங்கள் மெக்சிகோக்காரி இல்லையே என்று யாரோ கேட்டதற்கு, மெக்சிகோக்காரர்கள் தங்களுக்கு இஷ்டப்பட்ட இடத்தில் பிறப்போம் என்று பதில் சொன்னாராம். மூலத்தில் நடுவில் ஒரு கெட்ட வார்த்தை உண்டு, மட்டுறுத்துநருக்குப் பயந்து விட்டுவிட்டேன்.

ரஞ்சேரா என்ற சொல்லே ராஞ்சோவிலிருந்து, பண்ணையிலிருந்து வருகிறது. மெக்சிகோ புரட்சிக்குப் பிறகு கிராமத்தை விட்டு நகரத்துக்கு வந்தவர்கள் வானொலியிலும் முப்பதுகளின் படங்களிலும் கேட்ட பாட்டு. விட்டு வந்த இடத்தை நினைத்துப் பாடுவது. அதில் மண்ணின் மைந்தன் யார், வந்தேறி யார் என்று கேட்பதே கொஞ்சம் வேடிக்கை.

#19 பழையரெக்கார்டு
இரவு 11.15

நேற்று ராத்திரி ஒரு வேலை செய்தேன். 1961 எல்பியை முழுக்கக் கேட்டுவிட்டு, உடனே கார்னெகி ஹால் பதிவைப் போட்டேன். நடுவில் 42 வருடம்.

முதலாவதில் குரல் அழகு. கட்டைக் குரல், ஆனால் ஓட்டை உடைசல் இல்லை. எங்கே வேண்டுமோ அங்கே நிற்கிறது. நான் எப்போதும் இந்தச் சவேலாதான் நிஜம், கிழவிச் சவேலா அனுதாபத்தில் ஓடுகிற வண்டி என்று சொல்லிவந்தேன்.

இரண்டாவதில் குரல் என்று சொல்ல அதிகம் மிச்சமில்லை. பாதி பேச்சு. மேல் ஸ்வரம் வருகிற இடத்தில் ஏறப் பார்ப்பதில்லை, சொல்லிவிட்டுப் போகிறார். ஆனால் 'லா யோரோனா' கடைசி அடி இருக்கிறதே, உயிரையே கொடுத்துவிட்டேன், இன்னும் என்ன வேண்டும் உனக்கு என்று வருகிற இடம். அங்கே ஒரே ஒரு முறை கத்துகிறார். பாட்டாக இல்லை, கத்தலாகவே. பிறகு கிட்டார் நிற்கிறது. அதே கேள்வியைக் காதருகே கேட்பதுபோலத் திரும்பவும் கேட்கிறார். இன்னும் வேண்டுமா?

1961இல் இருந்த குரலை வைத்துக்கொண்டு இதைச் செய்திருக்க முடியாது. அழகாகப் பாடியிருப்பார். என் பழைய கருத்தைப் பாதி வாபஸ் வாங்குகிறேன். பாதிதான். லூச்சா ரெயெஸ் பற்றி யாராவது இழை தொடங்கினால் மீதியையும் வாங்குகிறேன்.

#20 சொற்கிறுக்கி
இரவு 11.32

தொடங்குங்கள் அண்ணா, நீங்களே. நான் வருகிறேன்.

இவருக்குப் பிறகு யார் என்று கேட்பவர்களுக்கு: ஸ்பெயின் பாடகி பூய்காவின் 'எல் உல்திமோ த்ராகோ' ஆல்பம் (2009) முழுக்கச் சவேலாவின் பாட்டுகள், கியூபாவின் சூச்சோ வல்தெஸ் பியானோவோடு. பிறகு மெக்சிகோ பாடகி நதாலியா லஃபூர்காதே 2017இல் 'மூசாஸ்' ஆல்பம் செய்தபோது அதே லோஸ் மகோரினோஸைக் கூப்பிட்டு வாசிக்க வைத்தார். லஃபூர்காதே குரல் வெண்ணெய் மாதிரி, சவேலாவோடு எந்த ஒட்டும் இல்லை. ஆனால் அந்த இரண்டு கிட்டாரும் அவருக்காகக் காத்திருப்பதைக் கேளுங்கள். யாருக்காகக் காத்திருந்து பழகியவை என்று தெரியும்.

கடைசி நாட்களைப் பற்றியும் யாரும் எழுதவில்லை. கடைசி ஆல்பம் 'லா லூனா கிராந்தே', கவிஞர் லோர்காவுக்குக் காணிக்கை, 2012. 93 வயதில் சக்கர நாற்காலியில் மாட்ரிட் போய், லோர்கா மாணவனாகத் தங்கியிருந்த அதே விடுதியில் ஜூலையில் நிகழ்ச்சி செய்தார். உடனே ஆஸ்பத்திரி. போதும், ஊருக்குக் கொண்டுபோங்கள் என்று மெக்சிகோ திரும்பி, சில நாளில் போய்விட்டார். இறக்கவென்றே கடல் தாண்டித் திரும்பி வந்தார்.

#21 ஆறுகம்பி
மறுநாள் இரவு 12.20

பழையரெக்கார்டு சொன்ன அதே 'லா யோரோனா'வோடு சேர்ந்து வாசித்துப் பார்க்கலாம் என்று உட்கார்ந்தேன். சாதாரணமாக அது எளிய பாட்டு. ஏ மைனர், நாலைந்து கார்டு, மூன்று எண்ணிக்கை. கிட்டார் கற்றுக்கொள்பவர்கள் முதல் வருடத்திலேயே வாசித்துவிடுவார்கள்.

ஹெட்போனை மாட்டிக்கொண்டு, காலால் தாளம் போட்டுக்கொண்டு தொடங்கினேன். முதல் வரி ஒழுங்காகப் போயிற்று. இரண்டாவது வரியில் மூன்றாவது எண்ணிக்கைக்கு நான் கார்டைப் போட்டேன், அவர் இன்னும் முந்தின சொல்லிலேயே இருக்கிறார். நிறுத்தி, முதலிலிருந்து. இந்த முறை காத்திருந்தேன், நான் காத்திருக்கும்போதே அவர் அடுத்த வரிக்குப் போய்விட்டார். காலை நிறுத்திவிட்டு, கண்ணை மூடிக்கொண்டு இன்னொரு முறை. மூன்றாவது அடி வரை கூடவே போனேன். அப்புறம் அவர் ஒரு மூச்சு வாங்கினார், ஹெட்போனில் துல்லியமாகக் கேட்கிறது, அந்த மூச்சு முடிகிறதா இல்லையா என்று பார்த்துக்கொண்டே கை நின்றுவிட்டது.

நாளைக்குத் திரும்ப முயல்கிறேன்.